தூமன் ஆறு வரை பச்சை

"வெள்ளிக்கிழமை இந்தத் தாள் உங்க கையிலதான இருந்துச்சு? பார்த்தீங்களா, பார்க்கலையா, அதை மட்டும் சொல்லுங்க."

"வடக்குக்குச் சாம்பல் நிறம்னு எழுதறதுக்கு முன்னாடி என்னை ஒரு வார்த்தை கேட்டியா நீ?"

"அக்கா, நான் கேட்டதுக்குப் பதில்."

"சாம்பல்னா என்ன அர்த்தம்? அங்க ஆளே இல்லன்னா?"

"புள்ளிவிவரம் இல்லன்னு அர்த்தம். உலகம் பூரா அதான் வழக்கம். நீங்க இதைப் பார்—"

"பார்த்தேன்."

கேள்வி கேட்டவள் ஹேரான். கையிலிருந்த சிவப்புப் பேனாவின் மூடியைத் திறந்தாள், மூடினாள். பார்க்கவில்லை, கண் அசந்துவிட்டது என்று யோன்சில் சொல்லியிருந்தால் அவள் நிம்மதியாகத் திட்டித் தீர்த்திருப்பாள். பார்த்தேன் என்கிறவளை என்ன செய்வது?

இருவர் மேசைக்கும் நடுவில் அச்சகத்திலிருந்து அன்று காலை திரும்பி வந்த மாதிரித் தாள் விரிந்து கிடந்தது. நாடுகளை வருமானத்தால் பிரித்துக் காட்டும் உலகப்படம். பணக்கார நாடுகளுக்குக் கரும்பச்சை, அடுத்ததற்கு இளம்பச்சை, அதற்கடுத்து ஆரஞ்சு, கடைசியில் இருப்பவர்களுக்கு வெளிறிய மஞ்சள். கணக்கே கிடைக்காத இடத்துக்குச் சாம்பல். அதில் கொரியத் தீபகற்பம் முழுவதும், தெற்கே ஜேஜூ தீவிலிருந்து வடக்கே சீன எல்லையில் ஓடும் தூமன் ஆறு வரைக்கும், ஒரே கரும்பச்சையாக இருந்தது.

தென்கொரியாவின் பாஜு நகரில் பள்ளிப் படநூல் வெளியிடும் சின்ன நிறுவனம் அது. இந்த நாட்டில் அச்சாகிற எந்தப் பள்ளிப்படத்திலும் தீபகற்பம் ஒரே உருவம்தான். தெற்குக்கும் வடக்குக்கும் நடுவில் ஓடும் கம்பிவேலிக்கு மெல்லிய புள்ளிக்கோடு ஒன்று போடுவார்கள், அதுவும் பெரிய படமாக இருந்தால். சட்டம் அப்படி, பழக்கமும் அப்படி. கணினியிலிருக்கும் மூலப்படத்திலும் ஒரே துண்டாகத்தான் இருக்கிறது. வண்ணம் பூசுகிறவர் சியோல் பக்கம் ஒரு தட்டுத் தட்டினால் நிறம் விறுவிறுவென்று வடக்கே ஓடி, ஆற்றங்கரையில் போய்த்தான் நிற்கும். மலைப்படத்திலும் மழைப்படத்திலும் இதனால் ஒன்றும் கெட்டுவிடாது. வருமானப்படத்தில் இப்படி ஓடினால், ரேஷன் நின்று போன ஊர்களெல்லாம் ஒரு நொடியில் பணக்கார ஊர்களாகிவிடும்.

அதைப் பிடிக்கத்தான் பிழை பார்க்க இருவர். முதலில் யோன்சில். அவள் பார்த்துத் தாளின் மூலையில் கையெழுத்திட்டபின் ஹேரான் பார்ப்பாள். இந்தத் தாளை ஹேரான் பார்க்கவில்லை. வெள்ளிக்கிழமை, குளிர்காலத்துக்கான முட்டைக்கோசு ஊறுகாயாகிய கிம்ச்சி போடும் விடுமுறைக்காக எல்லாரும் சீக்கிரம் கிளம்பிக்கொண்டிருந்தார்கள். யோன்சிலின் கையெழுத்தைப் பார்த்தாள், கண்ணை மூடிக்கொண்டு பக்கத்திலேயே தன் கையெழுத்தையும் போட்டுவிட்டுப் போய்விட்டாள். அக்கா பார்த்தால் நான் பார்த்த மாதிரி என்று ஊருக்கெல்லாம் சொல்லிக்கொண்டு திரிகிறவள் அவள்.

"ஏன் அக்கா?" என்று கடைசியில் கேட்டாள். குரல் தணிந்திருந்தது.

யோன்சிலுக்கு ஐம்பத்து நான்கு வயது. வடக்கே ஹோரியோங்கில், தூமன் ஆற்றங்கரையில், நடுநிலைப் பள்ளியில் புவியியல் சொல்லிக்கொடுத்தவள். தெற்கே வந்து பத்து வருடத்துக்கு மேலாகிறது. இங்கே வந்தபிறகு நாக்கைத் திருத்திக்கொண்டாள். கடைக்காரர்கள் இப்போதெல்லாம் எந்த ஊர் என்று கேட்பதில்லை. கோபம் வந்தால் மட்டும் பழைய ஏற்ற இறக்கம் எங்கிருந்தோ வந்து ஏறிக்கொள்ளும். இப்போது ஏறியிருந்தது.

"எதுக்குன்னு உனக்குத் தெரியாதா?"

தெரியும். தங்கை யோன்ஹி அங்கேயே இருக்கிறாள். முன்பெல்லாம் வருடத்துக்கு ஓரிரு முறை, ஊருக்குப் பின்னாலிருக்கும் மலையில் ஏறி, ஆற்றுக்கு அப்பாலிருந்து அலை கிடைக்கும் சீனத்துக் கைபேசியில் பேசுவாள். அவசர அவசரமாக, மூச்சு வாங்கப் பேசுவாள். கடைசியாகப் பேசியபோது ஏதோ ஆரம்பித்தவள், யாரோ வருகிற மாதிரி இருக்கிறது, மற்றதை அடுத்த தடவை சொல்கிறேன் என்று வைத்துவிட்டாள். அதற்கப்புறம் தொற்றுநோய் வந்தது, எல்லையை இழுத்து மூடினார்கள், அடுத்த தடவை வரவே இல்லை. மற்றது என்பது என்னவாக இருக்கும் என்று யோன்சில் இத்தனை வருடமாக யோசித்துக்கொண்டிருக்கிறாள்.

வெள்ளிக்கிழமை மாலை அலுவலகம் காலியாகிக்கொண்டிருந்தது. அவள் தாளை விளக்கடியில் பிடித்துப் பார்த்தாள். ஆறு வடக்கே வளைகிற இடத்தில் விரலை வைத்தாள். ஹோரியோங் அந்தப் படத்தில் ஒரு புள்ளியாகக்கூட இல்லை, ஆனால் அவள் விரலுக்குத் தெரியும். விரலுக்கடியில் கரும்பச்சை. கீழே பாஜுவிலும் அதே கரும்பச்சை. தங்கையும் தானும் ஒரே நிறத்தில். தவறு என்று முதல் பார்வையிலேயே தெரிந்தது. சிவப்புப் பேனாவை எடுக்கவும் எடுத்தாள். பிறகு மூலையில் கையெழுத்தைப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போய் முட்டைக்கோசுக்கு உப்பு தடவி வைத்தாள்.

மறுநாள் ஹேரான் அவள் வீட்டுக்கு வந்திருந்தாள். ஒற்றை அறை வீடு அது. அந்த வீட்டில் யோன்சிலிடம் பேசுவது அரிசிக் குக்கர் ஒன்றுதான். வெந்து முடிந்ததும் பெண்குரலில், சாதம் தயார், நன்றாகக் கிளறிவிடுங்கள் என்று சொல்லும். யோன்சிலும் சரி என்பாள். ஹேரான் அதைக் கேட்டு வயிறு வலிக்கச் சிரித்தவள், சிரித்து முடித்ததும் தானும் குக்கரைப் பார்த்துச் சரி என்றாள். இருவரும் சிவப்பு ரப்பர் கையுறை மாட்டிக்கொண்டு தரையில் உட்கார்ந்து முட்டைக்கோசு இதழ்களுக்கு நடுவே காரம் தடவினார்கள். யோன்சில் தன் ஊர் வழக்கப்படி மியோங்தே மீன் துண்டுகளையும் உள்ளே வைத்தாள்.

"மீனைக் கிம்ச்சிக்குள்ள புதைக்கிற ஊரா உங்க ஊரு?" என்றாள் ஹேரான்.

"உங்க ஊருல மீனுக்குத் தனி வீடு கட்டித் தருவீங்களோ?"

போகும்போது ஒரு டப்பா நிறையக் கொடுத்து, இப்போதே திறந்துவிடாதே, மீன் ஊற வேண்டும், முதல் பனி விழட்டும் என்று சொல்லி அனுப்பினாள். அன்று முழுவதும் தாளைப் பற்றிச் சொல்லிவிடலாம் என்று வாய்வரைக்கும் வந்தது. சொல்லவில்லை. வீட்டுக்கு ஆள் வந்திருக்கிற நாள் அது. அவளுக்கு அப்படிப்பட்ட நாட்கள் அதிகம் வாய்ப்பதில்லை.

ஹேரான் இப்போது நாற்காலியை இழுத்துக்கொண்டு அருகில் வந்தாள். அச்சை நிறுத்தச் சொல்லியாகிவிட்டது, மதியம் மேலாளர் பியோன் கூப்பிடுவார், அங்கே நான் பேசிக்கொள்கிறேன் என்றாள். யோன்சிலின் ஒப்பந்தம் வருடக் கடைசியில் புதுப்பிக்க வேண்டியது. வடக்கிலிருந்து வந்தவள், வடக்கு சம்பந்தப்பட்ட பிழையைத் தெரிந்தே விட்டாள் என்று ஒருத்தர் காதில் விழுந்தால் போதும், கண்ணும் மூக்கும் வைத்துப் பேசுவார்கள்.

"நான்தான் கடைசியாப் பார்த்தேன், தூக்கக் கலக்கத்துல கவனிக்கலன்னு சொல்லிடறேன். பதினெட்டு வருஷமா இருக்கேன், ஒரு தடவை தூங்குனா தலையவா வாங்கிடுவாங்க? நீங்க வாயைத் திறக்காதீங்க, அக்கா. நிறத்துக்குச் சாம்பல்னு சொல்லி முடிச்சிடலாம்."

யோன்சில் தலையை ஆட்டினாள். ஆட்டினாள் என்றுதான் ஹேரான் நினைத்தாள்.

மதியச் சாப்பாட்டுக்கு இருவரும் எப்போதும்போல் சேர்ந்தே போனார்கள். அன்று சோயா விழுது போட்ட கீரைக் குழம்பு. யோன்சிலின் கிண்ணத்திலிருந்த சோற்றில் பாதி அப்படியே இருந்தது.

மேலாளர் பியோன் நல்ல மனிதர், சச்சரவு என்றால் மட்டும் ஒதுங்கிப் போய்விடுவார். பார்லித் தேநீரை ஊதி ஊதிக் குடித்துக்கொண்டே ஹேரான் சொன்னதைக் கேட்டார். தூக்கக் கலக்கம் என்றதும், கிம்ச்சி போட்ட கை இனி பேனா பிடிக்கக் கூடாது போலிருக்கிறது என்று சிரித்தார். அவ்வளவுதான், பிழையை மன்னித்தாயிற்று. பிறகு தாளைத் தன் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தார்.

"பார்க்க நல்லாத்தான் இருக்கு," என்றார். "இப்படியே விட்டா என்ன? சட்டப்படி அது வேற நாடே இல்ல. வேற நாடு இல்லாததுக்கு வேற நிறம் எப்படிப் போடறது?"

ஹேரான் பொறுமையாக விளக்கினாள். உலக வங்கி அதைக் கடைசி வகுப்பில் வைத்திருக்கிறது, ஆனால் கணக்குக் கட்டங்களைப் பார்த்தால் பெரும்பாலும் காலி. ஐ.நா.வின் மிகவும் பின்தங்கிய நாடுகள் பட்டியலில் தேடினால் பெயரே கிடையாது. நாங்கள் பின்தங்கியவர்கள்தான் என்று அந்த நாடே சம்மதித்தால்தான் அதில் சேர்ப்பார்களாம். முன்னேறிய நாடுகளிலும் சேராது, வளரும் நாடுகளில் பேச்சுக்குக்கூட வராது. எந்தப் பெட்டியில் போட்டாலும் எவராவது ஒருவர் கேள்வி கேட்பார். அதனால் சாம்பல்.

பியோன் அதைக் கேட்டபடியே கைபேசியில் ஏதோ பெருக்கி வகுத்துக்கொண்டிருந்தார். திடீரென்று முகம் மலர்ந்தது.

"இங்க பாருங்க. ரெண்டு பக்கத்து ஜனத்தையும் சேர்த்து, ரெண்டு பக்கத்து வருமானத்தையும் சேர்த்து, ஆளுக்கு இவ்வளவுன்னு சராசரி போட்டேன். அப்பவும் மேல் வகுப்புதான் வருது. சராசரி போட்டாலும் பச்சைதான்."

"சராசரியை என் தங்கச்சி சாப்பிட முடியாது சார்," என்றாள் யோன்சில்.

அறையில் அதுவரை அவள் பேசியிருக்கவில்லை. ஹேரான் மேசைக்கடியில் அவள் முழங்காலைத் தொட்டாள். பியோன் கைபேசியைக் கவிழ்த்து வைத்தார். தப்பாக எதுவும் சொல்லவில்லை என்று முணுமுணுத்தார். சரி, சாம்பலே இருக்கட்டும், எல்லாருக்கும் நல்லது என்று எழுந்திருக்கப் போனார்.

"சாம்பல் வேண்டாம். மஞ்சள் போடுங்க."

"அக்கா," என்றாள் ஹேரான் மெதுவாக.

"கடைசி நிறம் எதுவோ அதைப் போடுங்க. ஏழைங்கன்னு போடுங்க, அதுல அவங்களுக்கு ஒரு குறைச்சலும் இல்ல. இருக்காங்கன்னாவது தெரியும். எங்களுக்குத் தெரியாதுங்கிறது என்ன பேச்சு சார்? முப்பதாயிரம் பேர் அங்கிருந்து வந்து இங்க பஸ்ஸுல உங்க பக்கத்துல உட்கார்ந்திருக்கோம். ஒருத்தரைக் கேட்டாப் போதாதா, சொல்ல மாட்டோமா?"

அவள் பேச்சில் ஹோரியோங் முழுசாக ஏறிவிட்டது. அவளுக்கே கேட்டது, நிறுத்த முடியவில்லை. அங்கே வகுப்புச் சுவரில் தொங்கிய படத்துக்கு ஒவ்வொரு வசந்தத்திலும் அவள்தான் வண்ணம் தீட்டுவாள். அங்கேயும் ஒரே துண்டுதான். ஒரே தூரிகையில் சிவப்பைத் தொட்டு மேலிருந்து கீழே பூசான் கடற்கரை வரைக்கும் இழுத்துவிடுவாள். தெற்கிலிருக்கும் பிள்ளைகள் பட்டினி கிடக்கிறார்கள் என்று பாடம். ஒருநாள் ஒரு சிறுமி தன் மதிய உணவான அவித்த சோளத்தில் பாதியைக் காகிதத்தில் சுற்றிக்கொண்டு வந்து, இதை அவர்களுக்கு அனுப்பிவிடுங்கள் டீச்சர் என்று நீட்டினாள். அந்த வருடம் அந்தச் சிறுமிக்கே சோளம் குறைவு. இதையெல்லாம் இந்த அறையில் எப்படிச் சொல்வது? சொல்லவில்லை.

பியோனுக்குச் சங்கடமாகிவிட்டது. "யோன்சில் மேடம், உங்க மனசு புரியுது. ஆனா இது ஒரு கண் தவறின விஷயம். தூக்கத்துல விட்டுப்போனதைத் திருத்தறதுக்கு இவ்வளவு பேச்சு எதுக்கு?"

"கண் தவறல. நான் பார்த்தேன். பார்த்துத்தான் விட்டேன். தவறிப்போச்சுன்னு அதைச் சாம்பலாக்காதீங்க."

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்பது அவளுக்கே உறைத்தது.

பியோன் தேநீர்க் கோப்பையை ஒரு பக்கமாகத் தள்ளிவைத்துவிட்டு ஹேரானைப் பார்த்தார். ஹேரானின் காதுமடல்கள் சிவந்திருந்தன. தன் முழங்காலிலிருந்து அவள் கையை எப்போது எடுத்தாள் என்று யோன்சிலுக்குத் தெரியவில்லை.

"அப்ப நீங்க இப்ப என்கிட்ட சொன்னது?" என்றார் பியோன்.

ஹேரான் எழுந்து நின்று, இடுப்பு வரை குனிந்து மன்னிப்புக் கேட்டாள். நிமிர்ந்தபோது யாரையும் பார்க்கவில்லை.

நிறத்தை அவர் ஒரு நிமிடத்தில் முடிவு செய்துவிட்டார். உலக வங்கிப் பட்டியல் என்ன சொல்கிறதோ அதைப் போடுங்கள், கீழே சின்ன எழுத்தில் மதிப்பீடு என்று ஒரு வார்த்தை சேருங்கள். யாராவது கேட்டால் பட்டியலைக் கையில் கொடுத்துவிடலாம். அப்படி மஞ்சளுக்கு வழி பிறந்தது. பொய் சொன்னதற்கு விளக்கம் எழுதித் தரும்படி ஹேரானிடம் சொன்னார். யோன்சிலிடம் கேட்கவில்லை. ஒப்பந்த ஆட்களிடம் அதைக் கேட்கிற வழக்கம் அங்கே இல்லை. அவளுக்கு அதிலும் ஒரு கூச்சம்: தண்டனையில்கூடப் பங்கு கிடைக்கவில்லை.

படிக்கட்டில் யோன்சில் ஹேரானைத் தொடர்ந்து ஓடினாள். மன்னித்துக்கொள், வாய் தவறி வந்துவிட்டது என்றாள். ஹேரான் ஒரு படி கீழே நின்று திரும்பினாள்.

"வாய் தவறலைங்க. நீங்கதான் சொன்னீங்களே, கண்ணும் தவறலன்னு. உங்களுக்கு எதுவுமே தவறாது, யோன்சில் மேடம்."

அக்கா போய் மேடம் வந்துவிட்டது. வந்த புதிதில் யோன்சில் ஒன்றைக் கற்றுக்கொண்டிருந்தாள்: இந்த ஊரில் ஒருவர் நம்மை அக்கா என்று கூப்பிட ஆரம்பிப்பதற்கு மாதக்கணக்கில் ஆகும், சேர்ந்து சாப்பிட்ட வேளைகளை அடுக்கி அடுக்கித்தான் அந்த இடத்துக்கு ஏறி வரவேண்டும். இறங்குவதற்கு ஒரு படிக்கட்டுப் போதும் என்று யாரும் அவளுக்குச் சொல்லியிருக்கவில்லை.

மறுநாள் மதியம் ஹேரான் கணக்குப் பிரிவுப் பெண்களுடன் சாப்பிடப் போனாள். யோன்சில் சுவரோரம் தனி நாற்காலிகள் போட்ட இடத்தில் உட்கார்ந்து சாப்பிட்டாள். எதிரே சுவர். தனியாகச் சாப்பிட வருகிறவர்கள் சங்கடப்படக் கூடாது என்று அப்படிப் போட்டிருக்கிறார்கள். அவளுக்கு இடப்பக்கம் ஒரு ஆண், வலப்பக்கம் ஒரு ஆண். இருவரும் கைபேசியில் யாரோ சாப்பிடுவதைப் பார்த்தபடி சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

வியாழக்கிழமை காலை அவள் மேசையில் கிம்ச்சி டப்பா இருந்தது. கழுவித் துடைத்து, ரப்பர் வளையத்தில்கூடக் காரவாசம் இல்லாமல் உலர்த்தி வைத்திருந்தார்கள். மூடியைத் திறந்தாள். காலி. கொடுத்த பாத்திரத்தை வெறுமனே திருப்பித் தரும் வழக்கம் அவள் ஊரிலும் கிடையாது, இந்த ஊரிலும் கிடையாது. ஒரு ஆப்பிளாவது, கைப்பிடி எள்ளாவது போட்டுத்தான் தருவார்கள். அது ஹேரானுக்குத் தெரியாமல் இல்லை. இதற்கு முன் ஒருமுறை இதே டப்பாவில் பேரீச்சம்பழம் நிறைத்து, மூடி மூடாமல் துணியால் கட்டிக் கொடுத்தவள்தானே. கிம்ச்சியை வேறு பாத்திரத்துக்கு மாற்றிக்கொண்டாளா, கொட்டிவிட்டாளா என்று தெரியவில்லை. கேட்கவும் முடியாது.

அன்று மாலை வீட்டில் குக்கர் சாதம் தயார் என்றது. யோன்சில் பதில் சொல்லவில்லை.

அடுத்த வாரம் திருத்திய தாள் வந்தது. வடக்கு மஞ்சளாக இருந்தது. அவள் கேட்ட நிறம். தூமன் ஆறு வளைகிற இடத்தில் விரலை வைத்தாள். விரலுக்கடியில் தங்கை இருந்தாள், ஏழைகளின் வரிசையில், ஏதோ தொலைதூரத்து நாடுகளோடு சேர்ந்து, கீழே ஒரு சின்ன எழுத்து மதிப்பீட்டோடு. சாம்பலாக இல்லை, அது போதும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். விரல் கொஞ்சம் தெற்கே நகர்ந்ததும் கரும்பச்சை தொடங்கிவிட்டது. அந்த வெள்ளிக்கிழமை பார்த்தபோது இந்த ஓரம் இருக்கவில்லை. இப்போது கத்தியால் வெட்டினாற்போல் இருந்தது. அவள்தான் கேட்டு வாங்கினாள்.

மூலையில் கையெழுத்திட்டு, எழுந்து போய் ஹேரானின் மேசையில் தாளை வைத்தாள். ஹேரான் இம்முறை ஒவ்வொரு கண்டமாக, ஒவ்வொரு தீவாக, அளவுகோலை வைத்து நகர்த்தி நகர்த்திப் பார்த்தாள். இனி யார் கையெழுத்தையும் நம்பிக் கையெழுத்துப் போட மாட்டாள் என்று தெரிந்தது. கொரியாவில் அளவுகோல் நிற்கவில்லை. மற்ற இடங்களைப் போலவே தாண்டிப் போனது. கடைசியில் பக்கத்தில் தன் பெயரைப் போட்டு, தாளை இரு கையாலும் மரியாதையாக அவளிடம் நீட்டினாள்.

யோன்சில் வாங்கிக்கொண்டாள். போகவில்லை.

சன்னலுக்கு வெளியே காலையிலிருந்து கனத்துக் கிடந்த வானம் அப்போதுதான் உதிர ஆரம்பித்திருந்தது. வாகன நிறுத்தத்துக் கார்களின் கூரைகளெல்லாம் வெளுத்துக்கொண்டு வந்தன. எவரோ இந்த வருடத்தின் முதல் பனி என்றார்கள். நாலைந்து பேர் கைபேசியைத் தூக்கிக்கொண்டு சன்னலுக்கு ஓடினார்கள். மதிய மணி அடித்தது. ஹேரான் முதுகைக் காட்டிக்கொண்டு மேல்கோட்டின் பொத்தான்களைக் கீழிருந்து மேலாக ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டிருந்தாள்.

"மீன் இப்பதான் நல்லா ஊறியிருக்கும், ஹேரான். வீட்டுல இன்னொரு டப்பா இருக்கு, நாளைக்கு எடுத்துட்டு வரட்டுமா?"